விசில் அடிக்கும்வரை பத்தாம் நம்பரை விடாதே

அந்த அக்டோபரில் எங்கள் வட்டாரச் செய்தித்தாளில் "அன்றைய நட்சத்திரங்கள்" என்கிற பகுதியில் அர்மோனைப் பற்றிக் கால் பத்தி எழுதியிருந்தார்கள். மெர்வால் அணியின் முன்னாள் தடுப்பாட்டக்காரர், எண்பத்து மூன்றில் ஓய்வு பெற்றவர், தற்போது ஓத்ரேக் நகரில் அமைதியாக வசிக்கிறார் என்று. நான் அதை ரொட்டிக் கடை வரிசையில் நின்று படித்தேன். அர்மோன் எனக்கும் கடை மேசைக்கும் நடுவில், என் முகத்தைப் பார்த்தபடி நின்று, அதே செய்தியைத் தலைகீழாகப் படித்துக்கொண்டிருந்தான்.

"ஓய்வா? யாரு சொன்னது இவனுங்களுக்கு?" என்றான்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. முன்னாளாம், ஓய்வாம், அமைதியாம்! எழுதின பயல் ஒரே ஒரு நாள் என் செருப்பில் கால் நுழைத்துப் பார்க்கட்டும். அந்த ஆள் ஓய்வு பெற்றிருந்தால் எனக்கு ஏன் முடி இப்படிக் கொட்டுகிறது? அவனுடைய ஆட்ட வாழ்க்கை முடியவில்லை ஐயா. இருபது வருஷத்துக்கு மேலாக என் மேல்தான் நடந்துகொண்டிருக்கிறது.

விஷயம் இதுதான். என் பெயர் ழில்பெர். பெல்ஜிய எல்லையோரத்து ஓத்ரேக் அணிக்குப் பத்தாம் நம்பர் சட்டையில் முன்வரிசையில் ஆடினேன். நன்றாகவே ஆடினேன், அதை நானே சொல்ல வேண்டியிருக்கிறது, வேறு யாரும் சொல்வதில்லை. எண்பத்து மூன்று டிசம்பரில் கோப்பைப் போட்டியில் மெர்வால்காரர்கள் எங்கள் மைதானத்துக்கு வந்தார்கள். அவர்களுடைய கோச் கோவால், சுரங்கத்தில் வேலை பார்த்த போலந்துக்காரரின் மகன், தொண்டை பெருத்த மனுஷன். ஆட்டம் தொடங்குமுன் நாலாம் நம்பர் அர்மோனின் காதைப் பிடித்து இழுத்துச் சொன்னது எனக்கே கேட்டது.

"அந்தப் பத்தாம் நம்பரைப் பாத்துக்கோ. அவனுக்கும் கோலுக்கும் நடுவுல நீ இருக்கணும். மூத்திரம் போனாலும் கூடப் போ. விசில் அடிக்கிற வரைக்கும் விடாத. ஆனா ஃபவுல் பண்ணினே, தொலைச்சுடுவேன்."

அர்மோன் தலையாட்டினான். அந்தத் தலையாட்டலைப் பார்த்தபோதே எனக்குச் சுருக்கென்றிருக்க வேண்டும். முதல் பாதியிலேயே அவன் ஒரு மஞ்சள் அட்டை வாங்கிவிட்டான், என்னைத் தொட்டதற்காக. அதற்குப் பிறகு இன்றுவரை அவன் என் மேல் விரல் வைத்ததில்லை. இன்னொரு மஞ்சள் வாங்கினால் வெளியேற வேண்டுமே என்கிற பயம்.

கோல் எதுவும் விழாமல் ஆட்டம் கடைசிச் சில நிமிடங்களுக்கு வந்தது. அப்போது கால்வாய்ப் பக்கமிருந்து மூடுபனி இறங்கியது. எங்கள் ஊர்ப் பனி சாதாரணமானது இல்லை, போர்வையை உதறி மூடினாற்போல் மூடிவிடும். நடுவர் துபுஷேல் விசிலை எடுத்தார். விரல் விறைத்திருந்ததால் கீழே போட்டுவிட்டார். குனிந்து தேடினார். தேடிக்கொண்டே போனவர் சுவரில் முட்டி, பார்த்தால் ஆடை மாற்றும் அறை வாசல். சரி என்று உள்ளே போய் உட்கார்ந்துவிட்டார். ஆட்டக்காரர்களும் ஒவ்வொருவராகக் குளிர் தாங்காமல் நழுவினார்கள். நான்தான் கடைசி. எனக்குப் பின்னால் அர்மோன்.

"போப்பா, முடிஞ்சுது" என்றேன்.

"விசில் அடிக்கலியே" என்றான்.

நான் குளித்தேன். அவனும் பூட்ஸைக் கழற்றாமல் வெந்நீருக்குக் கீழே என் பக்கத்தில் நின்றான். மெர்வால் பஸ் அவனை விட்டுவிட்டுப் போய்விட்டது. வீட்டுக்கு நடந்தேன், பின்னாலேயே வந்தான். ராத்திரி ஜன்னலைத் திறந்து பார்த்தால் விளக்குக் கம்பத்துக்குக் கீழே கால்மாற்றிக் கால்மாற்றிக் குதித்துக்கொண்டிருக்கிறான், உடம்பு சூடு ஆறாமலிருக்க. ஆட்டப் போதையில் இப்படிச் செய்கிறான், காலையில் போய்விடுவான் என்று நினைத்துப் படுத்தேன்.

அந்த ஆட்டம் திரும்ப நடக்கவேயில்லை. அடுத்த வசந்தத்தில் மெர்வால் கிளப்பும் கலைந்தது, எங்களுடையதும் கலைந்தது. அர்மோன் எதிர் மாடியில் அறை எடுத்தான். சர்க்கரை ஆலையில் நான் வேலை பார்த்த பிரிவிலேயே வேலை கேட்டு வாங்கினான். தெருவில் நடந்தால் எனக்குப் பின்னால் இருப்பான். நான் எதையாவது வாங்கவோ எடுக்கவோ போனால் சட்டென்று முன்னால் வந்து, எனக்கும் அதற்கும் நடுவில், முழங்காலை லேசாக மடக்கி நிற்பான். தள்ள மாட்டான், இழுக்க மாட்டான். சுத்தமான ஆட்டம். கடைக்காரர் என்னிடம் நீட்டுகிற குரோசாந்து ரொட்டியை வழியிலேயே லாவகமாக எடுத்து, பக்கத்தில் நிற்கிற யாரிடமாவது தள்ளிவிடுவான். இப்படி எங்கள் தெருவில் பலபேர் என் செலவில் காலை உணவு சாப்பிட்டிருக்கிறார்கள். ஒருத்தரும் திருப்பித் தந்ததில்லை.

போலீஸிடம் போனேன். எழுத உட்கார்ந்தவர் கால்பந்துப் பைத்தியம்.

"அடிச்சாரா?"

"இல்ல."

"சட்டையப் பிடிச்சு இழுத்தாரா? காலு குடுத்துத் தடுக்கி விட்டாரா?"

"அதெல்லாம் இல்ல சார், நடுவுல வந்து நிக்கறான்."

அவர் பேனாவை மூடிவிட்டு, எனக்குப் பின்னால் நின்ற அர்மோனை எட்டிப் பார்த்து, "அடேங்கப்பா, இப்பல்லாம் இந்த மாதிரி தடுக்கறதுக்கு ஆளே இல்ல" என்றார். கை கொடுத்தார் வேறு.

ஒருமுறை பெல்ஜியத்துக்கு ஓடினேன். எல்லைக் கோட்டைத் தாண்டித் திரும்பிப் பார்த்தால், அர்மோன் கோட்டுக்கு அந்தப் பக்கமே நின்றுவிட்டான், ஒரு கையை உயரத் தூக்கியபடி. ஆஃப்சைடாம்! யாரோ கொடி தூக்குவார்கள் என்று காத்திருக்கிறான். நான் வார இறுதி முழுக்க பீர் குடித்துவிட்டுத் திரும்பி வந்தேன். கை அப்படியே இருந்தது. சுங்கக்காரர்கள் அந்தக் கையில் தங்கள் தொப்பியை மாட்டி வைத்திருந்தார்கள்.

இதற்கு நடுவில் எனக்கு ஒரு கல்யாணமும் நடந்தது. கிஸ்லேன் என்று நல்ல பெண். மேயர் அலுவலகத்தில் கையெழுத்துப் போட்டு முடிந்ததும் முத்தம் கொடுக்கக் குனிந்தேன். நடுவில் அர்மோன். போட்டோக்காரரும் அந்த நேரம் பார்த்து அமுக்கிவிட்டார். என் முதல் கல்யாணப் படத்தில் என் நெற்றி கொஞ்சம் தெரியும், கிஸ்லேனின் தலைப்பூ தெரியும், மீதியெல்லாம் அர்மோனின் தோள். ஒரு வருஷம் பொறுத்துப் பார்த்துவிட்டு அவள் ஒரு லாரி டிரைவரோடு போய்விட்டாள். அவரை யாரும் மார்க் பண்ணவில்லை.

அவனை நான் திட்டாத திட்டு இல்லை. பீடை என்றிருக்கிறேன், ஒட்டுண்ணி என்றிருக்கிறேன். அவன் கோபித்துக்கொண்டதே கிடையாது. "ஆட்டத்துல இதெல்லாம் சகஜம் பத்து" என்பான். என்னைப் பேர் சொல்லிக் கூப்பிட மாட்டான், எப்போதும் பத்துதான். ஒரே ஒரு தடவை என்னிடம் ஒன்று கேட்டான். ஆலையில் சாப்பாட்டு நேரத்தில் வந்து, தொப்பியைக் கையில் சுருட்டிக்கொண்டு, "பத்து, சனிக்கிழமை உனக்கு என்ன வேலை?" என்றான்.

"உனக்கெதுக்கு?"

"கோவால் போயிட்டாரு. மெர்வால்ல அடக்கம். நீ வந்தாத்தான் நான் வர முடியும்."

போனேன். என்ன செய்வது, மனுஷன்தானே நானும். குழிக்குப் பக்கத்தில் நான் நிற்க, எனக்கும் குழிக்கும் நடுவில் அவன் என்னைப் பார்த்து நின்று, தன் கோச்சுக்கு முதுகைக் காட்டியபடி அழுதான். திரும்பிப் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் நான் நகர்ந்திருப்பேனே! ஊருக்குத் திரும்பும்போது, விடச் சொல்ல இருந்த ஒரே ஆளும் போய்விட்டார் என்பது எனக்கு உறைத்தது. மனது விட்டே போயிற்று.

அப்புறம் மரிவோன் வந்தாள்.

மரிவோன் சந்தைச் சதுக்கத்தில் வறுத்த உருளைக்கிழங்கு விற்கிற வண்டி வைத்திருக்கிறாள். புருஷன் செத்துப் பல வருஷம். கை பெரிசு, வாய் அதைவிடப் பெரிசு. முதல் நாள் நான் கிழங்கு கேட்டபோது, பொட்டலத்தை நீட்டினாள், அர்மோன் அதை அழகாக எடுத்துப் பக்கத்துப் பாதிரியாரிடம் தள்ளிவிட்டான். அவள் இடுப்பில் கை வைத்துப் பார்த்தாள்.

"யாருய்யா இது, உன் தம்பியா?"

"தடுப்பாட்டக்காரன்" என்றேன்.

"ஓகோ" என்றாள். இன்னொரு பொட்டலம் கட்டினாள். இந்தத் தடவை நீட்டவில்லை. இடது பக்கம் போடுவதுபோல் கையைக் காட்டினாள், அர்மோன் சாய்ந்தான், அவள் அவன் தலைக்கு மேலாக வளைத்துத் தூக்கிப் போட்டாள். நேராக என் நெஞ்சில் வந்து விழுந்தது. ஒரு கிழங்கு சிந்தவில்லை.

சொல்கிறேன் கேளுங்கள், எனக்குக் கண்ணில் நீர் வந்துவிட்டது. இருபது வருஷத்துக்கு மேலாக யாரும் எனக்கு ஒரு பந்து கொடுத்ததில்லை! முன்வரிசை ஆட்டக்காரனுக்கு அது எப்படிப்பட்ட பட்டினி என்று உங்களுக்குத் தெரியாது. அன்றைக்கே முடிவு செய்துவிட்டேன், கட்டினால் இவளைத்தான்.

அவளுக்கும் சம்மதம்தான். நவம்பரில் ஒரு சனிக்கிழமை மேயர் அலுவலகத்தில் நாள் குறித்தோம். அதற்கு அப்புறம்தான் என் வீட்டு அலமாரியில் அந்த முதல் கல்யாணப் படத்தைப் பார்த்தாள். ரொம்ப நேரம் பார்த்தாள்.

"ழில்பெர், நல்லா கேட்டுக்க" என்றாள். "நான் உன்னைத்தான் கட்டிக்கறேன். ரெண்டு பேரை இல்ல. இந்த மாதிரி ஒரு தோளுக்கு முத்தம் குடுத்துட்டு வீட்டுக்கு வர்றதுக்கு எனக்கு வயசு இல்ல. சனிக்கிழமைக்குள்ள இந்த ஆட்டத்த முடி. முடியலன்னா நான் பாட்டுக்கு வண்டியத் தள்ளிக்கிட்டுப் போயிடுவேன்."

அவள் சொன்னால் செய்கிறவள். வெளியே வந்து படியில் நின்ற அர்மோனிடம் கையெடுத்துக் கும்பிடாத குறையாகக் கேட்டேன்.

"டேய், விட்டுடேன்டா. ஒரு பொண்ணு வாழ்க்கைடா."

"எனக்கு மட்டும் ஆசையா பத்து? முழங்கால் ரெண்டும் போச்சு. விசில் அடிச்சா இந்த நிமிஷமே போயிடறேன்."

"யாரு அடிக்கறது?"

"நடுவர்தான். வேற யாரு அடிச்சாலும் செல்லாது."

துபுஷேலை வெள்ளிக்கிழமை காலை கண்டுபிடித்தோம். கசெல் குன்றுப் பக்கம் பந்தயப் புறா வளர்த்துக்கொண்டிருந்தார். எண்பதைத் தாண்டியிருந்தும் முதுகு கம்பு மாதிரி. புறாக்களைக் கூப்பிடுகிற விசில் கழுத்தில் தொங்க, புறாக்கூண்டுக்குள் நின்று நாங்கள் சொன்னதையெல்லாம் கேட்டார்.

"ஓத்ரேக், மெர்வால். மூடுபனி. விசில் விழுந்துச்சு" என்றார். "ஆமா, நான் முடிக்கலதான். அப்பப்போ மனசுல உறுத்தும். ஆடுறவங்க என்ன ஆனாங்களோன்னு."

"இதோ இருக்கோம் முசியே" என்றேன். "புண்ணியமாப் போகும், அந்தப் புறா விசிலை எடுத்து ஒரு ஊது ஊதிடுங்க."

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். "பத்தாம் நம்பர், உனக்குக் கொஞ்சமாவது வெக்கமிருக்கா? கடைசி நிமிஷங்கள் பாக்கி இருக்கு. புறாக்கூண்டுல நின்னு ஆட்டத்த முடிக்கச் சொல்றியா? மைதானத்துல, பந்தோட, ஆடி முடிக்கணும்."

"முசியே, அணிக்கு ஏழு பேராவது வேணும்னு விதி இருக்கே" என்றான் அர்மோன். பாவி, இவன் வேறு ஞாபகப்படுத்துகிறான்.

துபுஷேல் வெளியே வானத்தைப் பார்த்தார். "சாயங்காலம் பனி இறங்கும். பனியில எனக்கு உங்க ரெண்டு பேரு மட்டும்தான் தெரிவீங்க. மத்தவங்க இல்லைன்னு நான் எப்படி அடிச்சுச் சொல்ல முடியும்? எங்கயாவது நின்னுக்கிட்டிருப்பாங்க."

எங்கள் பழைய மைதானம் இப்போது சர்க்கரை பீட்ரூட் குவிக்கிற இடம். ஆலைக்குப் போகுமுன் கிழங்கையெல்லாம் மலை மாதிரி அங்கேதான் கொட்டி வைப்பார்கள். ஒரு பக்கத்துக் கோல் கம்பம் மட்டும், அதைப் பிடுங்க யாருக்கும் தோன்றாததால், நின்றுகொண்டிருந்தது. சொன்னபடியே சாயங்காலம் பனி இறங்கியது. மரிவோன் கிழங்கு வண்டியை ஓட்டிவந்து எல்லைக்கோடு இருந்த இடத்தில் நிறுத்தி விளக்கைப் போட்டாள். எண்ணெய்ச் சட்டியையும் பற்றவைத்தாள். ஆட்டம் என்றால் சாப்பிட ஏதாவது வேண்டும் என்றாள்.

அர்மோன் மேல்கோட்டைக் கழற்றினான். உள்ளே மெர்வால் அணியின் அதே மஞ்சள் சட்டை, நாலாம் நம்பர். இத்தனை வருஷமும் அதைத்தான் உள்ளே போட்டிருக்கிறான். நான் என் பழுப்புக் கம்பளிச் சட்டையோடு இறங்கினேன். துபுஷேல் எங்கள் இருவருக்கும் நடுவில் பந்தைத் தரையில் போட்டு, "ஆடுங்க" என்றார்.

ஆடினோம். ஐயோ, என்ன ஆட்டம் அது! எனக்குத் தொந்தி, அவனுக்கு முழங்கால். இரண்டு பேருக்கும் மூச்சு எண்ணெய் போடாத கதவு மாதிரி கிறீச்சிட்டது. நான் இடது போனால் அவன் இடது. வலது போனால் வலது. பீட்ரூட்டில் இடறி விழுந்தேன், அவன் பக்கத்தில் நின்று எழும்வரை காத்திருந்தான். "பின்னால ஆள் வர்றான், தள்ளிக் குடு!" என்று துபுஷேல் பனிக்குள்ளிருந்து கத்தினார், யார் வருகிறார்கள் என்று அவருக்கும் தெரியாது. ஒருமுறை பந்தை அவன் கால்களுக்கு நடுவே தட்டிவிட்டேன், வாழ்க்கையிலேயே முதல் முறை. ஓடினேன். எதிரே கோல் கம்பம். அடிக்கக் காலைத் தூக்கும்போது, பக்கவாட்டிலிருந்து அவன் சறுக்கிவந்து என்னைத் தொடாமல் பந்தை மட்டும் எடுத்து எங்கேயோ இருட்டுக்குள் அனுப்பினான். பீட்ரூட் மலையில் மோதி நாலைந்து கிழங்கு உருண்டன.

அந்த நேரத்தில்தான் விசில் அடித்தது. மெல்லிய புறா விசில். மூன்று தடவை.

அர்மோன் எழுந்தான். சேற்றைத் தட்டிக்கொண்டான். என்னிடமிருந்து நாலடி தள்ளி நின்றான். இத்தனை காலத்தில் அவ்வளவு தூரத்தில் அவனை நான் பார்த்ததேயில்லை. உயரம் குறைந்தவன் என்பது அப்போதுதான் தெரிந்தது.

"நல்லா ஆடின பத்து" என்று கை நீட்டினான். பிறகு, ஆட்டம் முடிந்தால் எல்லோரும் செய்வதுபோல, தன் சட்டையைக் கழற்றி நீட்டினான். நானும் என் கம்பளிச் சட்டையைக் கழற்றிக் கொடுத்தேன். மாட்டிக்கொண்டான், அவனுக்குக் கொஞ்சம் தொளதொள. "மெர்வாலுக்கு பஸ் எங்கேருந்துடா போவுது? இன்னும் சர்ச் பக்கத்துலேருந்துதானா?"

"அந்த பஸ் நின்னு பத்து வருஷமாச்சு" என்றேன்.

"பரவால்ல, நடந்துடுவேன்."

நடந்தான். அவன் முதுகை நான் பார்த்ததில்லை, எப்படிப் பார்த்திருக்க முடியும்? இப்போதும் அவன் முதுகு தெரியவில்லை. பனிக்குள் என் கம்பளிச் சட்டை போய்க்கொண்டிருந்தது. முழங்கையில் நானே ஒட்டுப்போட்டது. கழுத்துக்குப் பின்னால் நான் பார்த்தேயிராத ஒரு கிழிசல். இவ்வளவு வருஷமும் அவன் பார்த்துக்கொண்டிருந்தது இதைத்தான், நான் எங்கேயாவது போவதை. குளிர் ஏறியது. கையில் நாலாம் நம்பர் சட்டை இன்னும் சூடாக இருந்தது. விட்டது தொல்லை என்று குதிக்க வேண்டியவன், கைவிடப்பட்ட நாய் மாதிரி நடுங்கிக்கொண்டு நின்றேன். எல்லைக்கோட்டில் மரிவோன் கரண்டியோடு என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும், நாளைக்குக் கல்யாணம்.

"முசியே துபுஷேல்!" என்று யாரோ கத்தினார்கள். கத்தினது நான்தான். "இது கோப்பை ஆட்டம்! கோப்பை ஆட்டத்துல சமநிலை கிடையாது! கூடுதல் நேரம் இருக்கு!"

பனிக்குள் கம்பளிச் சட்டை நின்றது. திரும்பவில்லை.

துபுஷேல் நெற்றியில் அடித்துக்கொண்டார். "கோப்பை ஆட்டமா? அட ஆமா! இதை அப்பவே சொல்றதுக்கென்ன? ரெண்டு பாதி இருக்கு! நாலாம் நம்பர், எங்க போற?"

அவன் திரும்பி ஓடிவந்தான். ஓடினான் என்று சொல்ல முடியாது, முழங்காலைப் பிடித்துக்கொண்டு நொண்டி நொண்டி வந்தான். வந்து எனக்குப் பின்னால் நின்று மூச்சு வாங்கினான். அந்த மூச்சு என் பிடரியில் பட்டதும் எனக்கு உடம்பு நடுக்கம் நின்றது.

மரிவோன் கரண்டியை வைத்துவிட்டு வண்டியிலிருந்து இறங்கி வந்தாள். அவள் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியமில்லை.

"நீயா கூப்பிட்ட?"

"ஆமா. என்னால முடியல மரிவோன். திட்டு, அடி, என்ன வேணா பண்ணு."

"கடைசி நாலு நிமிஷத்துக்கே இருபது வருஷத்துக்கு மேல எடுத்துக்கிட்டீங்க. கூடுதல் நேரம் எத்தன நிமிஷம்?"

"அரை மணி."

"அப்படின்னா நாம ரெண்டு பேரும் செத்து, இவரும் செத்து, நடுவரும் செத்து." அவள் மூக்கால் பெருமூச்சு விட்டாள். "அதுக்கப்புறமும் சமமா இருந்தா?"

"பெனால்டி" என்றான் அர்மோன், எனக்குப் பின்னாலிருந்து, மரியாதையாக.

"பெனால்டிய நான் அடிக்கறேன். உங்க ரெண்டு பேரையும் கோல்ல நிக்க வச்சு அடிக்கறேன்." பிறகு விரலை என் மூக்குக்கு நேரே நீட்டினாள். "நாளைக்கு நான் வர்றேன், கல்யாணத்துக்கு என் அக்கா ஊர்லேருந்து ரயிலேறிட்டா, அதனால வர்றேன். ஆனா முத்தம் குடுக்கறப்போ இவரு தோள் என் வாய்க்கு நேரா வந்துச்சு, சிவப்பு அட்டை இவருக்கு இல்ல. உனக்கு. அப்படியே திரும்பிப் போயிடுவேன்."

நான் அர்மோனைப் பார்த்தேன். அவன் தரையைப் பார்த்தான்.

"ஆட்டம்னா ஆட்டம்தான் மதாம்" என்றான்.

அன்று ராத்திரி எனக்குத் தூக்கமே இல்லை. என் தலையில் நானே மண்ணை வாரிப் போட்டுக்கொண்டேனே என்று புரண்டேன். எதிர் மாடியில் விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

சனிக்கிழமை மேயர் அலுவலகத்தில் கூட்டம் நிரம்பி வழிந்தது. கல்யாணத்துக்கு வந்தவர்கள் பாதி, பந்தயம் கட்டினவர்கள் பாதி. பாதிரியார்கூட வந்து ஓரமாக உட்கார்ந்திருந்தார், அவருக்கு என் கிழங்கின் ருசி இன்னும் மறக்கவில்லை போல. மேயரம்மா மூவர்ணப் பட்டையை மாட்டிக்கொண்டு நிமிர்ந்தார். எதிரே இந்தப் பக்கம் நான், கோட்டுக்குள்ளே நாலாம் நம்பர் சட்டை. அந்தப் பக்கம் மரிவோன், நீல உடுப்பில், எண்ணெய் வாசனை இல்லாமல் நான் அவளை முதன்முதலாகப் பார்க்கிறேன். நடுவில் அர்மோன், என் கம்பளிச் சட்டையில், முழங்காலை மடக்கி, என் முகத்தைப் பார்த்தபடி.

"இவரு யாரு?" என்றார் மேயரம்மா.

"ஒண்ணுமில்ல, தொடருங்க" என்றாள் மரிவோன், பல்லைக் கடித்தபடி.

மேயரம்மா சட்டப் பிரிவுகளை வாசித்தார். என்னைக் கேட்டபோது அர்மோனின் வலது தோளுக்கு மேலாக எட்டி "ஆமா" என்றேன். மரிவோன் அவனுடைய இடது காதை ஒட்டி "ஆமா" என்றாள். அவன் காதைத் தேய்த்துக்கொண்டான், அவ்வளவு சத்தம். கையெழுத்துப் போட மேசைக்குப் போனோம், அவனும் பேனாவுக்கும் எனக்கும் நடுவில் வந்தான், எப்படியோ அவன் அக்குள் வழியாகக் கையை விட்டுப் போட்டு முடித்தேன். மேயரம்மா சட்டத்தின் பெயரால் நீங்கள் கணவன் மனைவி என்றார். போட்டோக்காரர் முட்டி போட்டு உட்கார்ந்தார்.

மரிவோன் கண்ணை மூடவில்லை. அர்மோனின் தோளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

நான் இடது பக்கம் ஏமாற்றுவதுபோல் சாய்ந்தேன், பழக்கம்தான். வேறு யாராக இருந்தாலும் மயங்கியிருப்பார்கள். அர்மோன் அசையவில்லை. என் இடுப்பைப் பார்க்கவில்லை, காலைப் பார்க்கவில்லை. என் கண்ணைப் பார்த்தான். அவ்வளவு பக்கத்திலிருந்து எத்தனையோ ஆயிரம் தடவை பார்த்த அதே கண்தான், அன்றைக்கு மட்டும் ஈரமாக இருந்தது.

பிறகு அவன் வலது பக்கம் ஒரு அடி எடுத்துவைத்தான்.

முன்னால் யாருமில்லை! மரிவோன் மட்டும்தான் இருந்தாள். அவ்வளவு திறந்த இடத்தை நான் என் ஆட்ட வாழ்க்கையில் கண்டதில்லை, ஒரு நிமிஷம் என்ன செய்வதென்றே தெரியாமல் நின்றுவிட்டேன். அவள்தான் என் காதைப் பிடித்து இழுத்தாள். கடைசி வரிசையில் துபுஷேல் எழுந்து நின்று, கையை நீட்டி நடுவட்டத்தைக் காட்டினார். கோல் என்று அர்த்தம். கூட்டம் கூரை பிய்கிற மாதிரி கத்தியது.

கத்தல் ஓய்ந்து திரும்பினபோது அர்மோன் இடுப்பில் கைவைத்துத் தலையைக் குனிந்துகொண்டிருந்தான், கோல் வாங்கினவர்கள் நிற்பதுபோல. இத்தனை வருஷத்தில் அவன் விட்ட ஒரே ஆள் நான்தான்.

"கால் வழுக்கிடுச்சு பத்து" என்றான்.

தரையில் சுவருக்குச் சுவர் கம்பளம் விரித்திருந்தது.